காய்ந்ததும் வரும் வளையம்

குஷன் அக்காவை ஏமாற்றுவது லேசுப்பட்ட காரியமில்லை. கடையில் எடைபோட்டு வாங்கிய வெங்காயத்தை வீட்டுக்கு வந்து இன்னொரு தடவை எடைபோடுகிறவள் அவள். சோபா குஷன், தோட்டத்து நாற்காலி குஷன் என்று வீடு வீடாகப் போய்த் தண்ணீர்க் கறை எடுப்பது பிழைப்பு. அந்தப் பிழைப்புதான் அவளை இப்படி ஆக்கிவிட்டது என்பார் பஸ் ஓட்டும் அவள் கணவர். "மழைத்தண்ணி பட்டுடுச்சு" என்று வாடிக்கைக்காரர்கள் வாய் கூசாமல் சொல்வார்கள். முகர்ந்து பார்த்தால் நாய் வேலையாக இருக்கும். கறை என்று வந்துவிட்டால் எல்லாரும் பொய்தான் சொல்வார்கள் என்று அவள் முடிவுகட்டி வெகுகாலம் ஆகிறது.

அவள் வாடிக்கையாகப் போகும் விடுதி ஒன்றில், தோட்டத்து மூலை நாற்காலியின் வெளிர்நிறக் குஷனில் ஒரு வளையம் விழுந்திருந்தது. தண்ணீர் காயும்போது அழுக்கை ஓரத்துக்குத் தள்ளிவிட்டுப் போவதால் வருவது அது. அந்த இடத்தை மட்டும் துடைத்தால் பெரிய வளையமாகிவிடும். வினிகர் கலந்த தண்ணீரால் உறை முழுவதையும் நனைத்து, துணியால் ஒற்றி எடுக்க வேண்டும். அக்கா அப்படியே செய்தாள். சாயங்காலம் பளிச்சென்று இருந்தது. காலையில் அதே இடத்தில் வளையம்.

இன்னும் கொஞ்சம் தாராளமாகத் தண்ணீர் விட்டு மறுபடி செய்தாள். மறுபடி வளையம். மழையோ இல்லை. அக்காவுக்கு மூக்கில் வியர்த்தது. சுற்றிலும் பார்த்தாள். வேலிச் செடிமேல் வாட்ச்மேனின் ஈரத்துண்டு காய்ந்துகொண்டிருந்தது.

"அண்ணே, காலையில குளிச்சிட்டு எங்க உக்காருவீங்க?"

"என் ஸ்டூல்லதான். ஏம்மா?"

"சும்மாதான் கேட்டேன்."

சும்மா கேட்கிற ஆளா அவள்? நேராக விடுதி முதலாளியம்மாவிடம் போய், வாட்ச்மேன் வேலைதான் என்று அடித்துச் சொன்னாள். ஈரத்துணியோடு விருந்தாளிகள் நாற்காலியில் உட்காரும் வாட்ச்மேன் தேவையில்லை, இந்த வாரத்தோடு கிளம்பட்டும் என்று அந்த அம்மாள் சொல்லிவிட்டாள். கேட்டை ஒட்டிய சின்ன அறைதான் வாட்ச்மேனுக்கு வீடு. வேறு போக்கிடம் கிடையாது.

"நான் அந்த நாற்காலிய தொட்டதுகூட இல்லம்மா" என்றார் அக்காவிடம்.

எல்லாரும் சொல்வதுதானே என்று அவள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. இருந்தாலும் கையில் ஓர் அத்தாட்சி இருக்கட்டும் என்று, குஷனை வாளித் தண்ணீர் விட்டு நன்றாக நனைத்து, ஒற்றி எடுத்து, வீட்டுக்குக் கொண்டுவந்தாள். அவர் கை படாத இடத்தில் அது சுத்தமாக இருந்துவிட்டால் அப்புறம் என்ன பேசுவார்? பின்னறையில் பீரோ மேல் வைத்து, அறையைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

காலையில் வளையம் வந்திருந்தது.

"நீங்க இதுல உக்காந்தீங்களா?" என்று கணவரைக் கேட்டாள்.

"பீரோ மேல ஏறி உக்கார எனக்கென்ன வேண்டுதலா? சாவி உன்கிட்டதான இருக்கு."

அக்கா ஜிப்பைத் திறந்து உள்ளே இருந்த ஸ்பாஞ்சை அழுத்தினாள். பழுப்புத் தண்ணீர் விரலிடுக்கில் வழிந்தது. உறை காய்ந்துவிட்டது, உள்ளே காயவே இல்லை. உள்ளிருந்த தண்ணீர்தான் பழைய தூசியையும் இழுத்துக்கொண்டு மேலே வந்திருக்கிறது. அவள் சந்தேகப்படச் சந்தேகப்பட அதிகமாகத் தண்ணீர் ஊற்றினாள். அதற்குத் தகுந்தாற்போல் வளையமும் வந்தது.

வாயைத் திறக்காமல் இருந்துவிடலாம். வாட்ச்மேன் போய்விடுவார், அவள் ஸ்பாஞ்சைத் தனியாக எடுத்து வெயிலில் காயவைப்பாள், கறை வருவது நின்றுவிடும், அக்கா சொன்னது சரி என்பார்கள். இப்படி ஒரு நினைப்பு ஓடியதும் அவளுக்குத் தன்மேலேயே சந்தேகம் வந்தது. குஷனைத் தூக்கிக்கொண்டு விடுதிக்கு ஓடினாள்.

முதலாளியம்மா முழுவதையும் கேட்டுவிட்டு, "வாட்ச்மேன் உனக்கு என்ன குடுத்தான்?" என்றாள்.

"ஒண்ணும் குடுக்கல மேடம்."

"அன்னைக்கு அவன்தான்னு அடிச்சு சொன்ன. இன்னைக்கு தண்ணிதான்ங்குற. நான் எதை நம்புறது?"

அந்தப் பார்வை அக்காவுக்குப் புதிதில்லை. ஊர் உலகத்தையே அவள் அப்படித்தான் பார்த்து வந்திருக்கிறாள்.

"என்னை நம்பவே வேணாம் மேடம். உங்க கண்ணு முன்னாடி நனைச்சுத் தொடைக்கிறேன். உங்க ரூம்லயே வச்சுப் பூட்டிக்கங்க."

மறுநாள் விடிந்ததும் விடுதிக்கு வந்துவிட்டாள். கேட்டருகே வாட்ச்மேன் பெட்டியைக் கட்டி வைத்திருந்தார். கறை வந்திருக்க வேண்டுமே என்று, வாழ்நாளில் முதல் தடவையாக, அக்கா வேண்டிக்கொண்டாள்.

முதலாளியம்மா அறையைத் திறந்தாள். பளபளத்த மேசைமேல் குஷன். அதன் நடுவில், அச்சடித்த மாதிரி, வளையம்.

"அப்ப தப்பு உன்னோடது."

"ஆமா மேடம்."

"அவன் இருக்கட்டும். நீ இனிமே வர வேணாம்."

அக்கா வெளியே வந்தாள். வருமானத்தில் நல்ல பங்கு அந்த விடுதியோடு போயிற்று. ஆனாலும் மூச்சு இப்போதுதான் ஒழுங்காக வந்தது.

"பெட்டிய உள்ள வைங்கண்ணே. நீங்க போக வேணாம்."

வாட்ச்மேன் நகரவில்லை. அவளை மேலும் கீழும் பார்த்தார்.

"இதுல வேற ஏதாவது உள்குத்து வச்சிருக்கியாம்மா?"

அக்கா பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டு அறைக்கு நடந்தாள். அவர் பின்னாலேயே வந்தார், பெட்டியின்மேல் வைத்த கண்ணை எடுக்காமல்.