காக்கிச் சட்டையும் எட்டுக் கோழிகளும்

இன்று காலை எங்கள் வீட்டுக்காரர் காக்கிச் சட்டையை எடுத்துவந்து, "அம்மிணி, இதைக் கொஞ்சம் தேச்சுக் குடு" என்றார்.

ஓடிப்போய் இஸ்திரிப் பெட்டியைச் சூடாக வைத்தேன்!

இவர் வேலை பார்த்த ஃபேக்டரியைப் பூட்டி ஐந்து மாதம் ஆகிறது. அன்றிலிருந்து அந்த வேலைச் சட்டை துணிப்பெட்டியை விட்டு வெளியே வந்ததே இல்லை.

(இஸ்திரிப் பெட்டி சூடாவதற்குள் கதையைச் சொல்லிவிடுகிறேன்.)

எங்களுக்குக் கோத்தகிரி மலையில் கட்டபெட்டுப் பக்கம். இவர் தேயிலை ஃபேக்டரியில் இலை வாட்டும் பகுதியில் இருந்தவர். பறித்த இலையை நீளமான தொட்டிகளில் பரப்பி, அடியிலிருந்து ஃபேன் காற்று விடுவார்கள். காற்று நின்றால் இலை சூடாகிச் சிவந்துவிடும். கையை உள்ளே விட்டு, மோந்து பார்த்து, கிளறிவிடுவதுதான் இருபது வருடமாக இவர் வேலை.

இலை விலை விழுந்தது. "பறிக்கிற கூலிக்கே கட்டலைங்க" என்று தோட்டக்காரர்கள் பறிப்பதையே விட்டார்கள். இலை வராத ஃபேக்டரியை எத்தனை நாள் ஓட்டுவார்கள்?

வீட்டில் உட்கார்ந்த மனிதர் பேச்சையே குறைத்துவிட்டார். அப்புறம் ஒரு நாள் எட்டுக் கோழி வாங்கி வந்தார். பின்பக்கம் கூண்டு கட்டினார். அதற்குப் பிறகுதான் முகத்தில் கொஞ்சம் களை வந்தது.

பாசம் என்றால் அப்படி ஒரு பாசம்!

மலைக் குளிர் கோழிக்கு ஆகாதாம். பழைய தார்ப்பாய், சாக்கு, என்னுடைய கிழிந்த கம்பளி என்று கையில் கிடைத்ததையெல்லாம் வைத்து நாலு பக்கமும் ஓட்டை இல்லாமல் மூடினார். (எனக்கு வாங்கித் தருவதாகச் சொன்ன ஸ்வெட்டர் மட்டும் இன்னும் வரவில்லை.)

இந்த ஊரில் நாம் எல்லோரும் செய்வதுதானே! நாலு மணிக்கு ஜன்னலைச் சாத்தினால் மறுநாள் வெயில் வந்தால்தான் திறப்போம்.

போன வாரம் கோழிகள் கொரகொரவென்று மூச்சு இழுக்க ஆரம்பித்தன. கண்ணில் நீர் வடிந்தது. கருப்பி என்று நான் கூப்பிடும் கறுப்புப் பெட்டை தீனியைத் தொடவே இல்லை.

இவர் இன்னொரு சாக்கைப் போர்த்தினார்!

"நான் இருக்கற எடமெல்லாம் வெளங்காமப் போகுது அம்மிணி" என்றார்.

கோழி போனால்கூடப் பரவாயில்லை. இந்த மனிதர் மறுபடி மூலையில் உட்கார்ந்துவிடுவாரே என்பதுதான் என் பயம்.

அவர் மருந்து வாங்கக் கோத்தகிரிக்குப் போன நேரத்தில் நான் கூண்டைக் கூட்டப் போனேன். எப்போதும் வெளியே நின்றே நீள விளக்குமாறால் இழுத்துவிடுவோம். அன்று கருப்பி மூலையில் ஒடுங்கிக் கிடந்ததால் தவழ்ந்து உள்ளே போனேன்.

அரை நிமிடம்தான்! கண் எரிந்து, மூக்கு எரிந்து, இருமிக்கொண்டே வெளியே வந்தேன். (கருப்பியைத் தூக்கிக்கொண்டுதான்!)

தரையில் போட்டிருந்த மரத்தூள் எச்சத்தோடு ஊறி நசநசவென்று கிடந்தது. கூரையின் உள்பக்கம் சொட்டுச் சொட்டாக ஈரம். நின்று பார்த்தால் ஒன்றும் தெரியாது. கோழி உயரத்துக்குக் குனிந்தால்தான் தெரியும்.

இவர் வந்து பையை வைப்பதற்குள் பிடித்துக்கொண்டேன்.

"ஏனுங்க, இதுக்குள்ள ஒரு நிமிசம் தலைய உடுங்க."

"எதுக்கு?"

"உடுங்கன்னு சொல்றேன்!"

விட்டார். இருமிக்கொண்டு வெளியே வந்தார். ரொம்ப நேரம் கண்ணைத் துடைத்தார். (நாற்றத்தாலா, வேறு எதனாலா என்று நான் கேட்கவில்லை.)

"தொட்டியில இலை இப்படி நாறுச்சுன்னா நான் என்ன பண்ணுவேன் தெரியுமா?"

"என்ன பண்ணுவீங்க?"

"ஃபேன நிறுத்துனவன் எவன்டான்னு சத்தம் போடுவேன்."

கூண்டை மூடியிருந்த தார்ப்பாயைப் பிடித்து இழுத்தார்.

"இங்க நிறுத்துனவன் நாந்தான்."

திட்டுவதற்கு வாய் வரை வந்தது. திட்டவில்லை.

"செரி, இப்ப ஃபேனப் போடுங்க" என்றேன்.

அவ்வளவுதான், மனிதர் பழைய ஆளாகிவிட்டார்! கூரைக்குக் கீழே இரண்டு பக்கமும் ஒரு சாண் அகலத்துக்குத் தார்ப்பாயை வெட்டி எடுத்து வலை அடித்தார். கோழி படுக்கும் உயரத்தில் காற்று அடிக்காமல் கீழ்ப்பக்கத்தை மூடியே விட்டார். ஈரத்தூளை மொத்தமாக அள்ளிக் கொட்டினோம். தரையைத் தேய்த்துக் கழுவி, பனிமூட்டம் விலகி வெயில் வரும்வரை காத்திருந்து காயவைத்தோம். அதுவரை கோழிகள் சும்மா கிடந்த இலைக் கூடைகளுக்கு அடியில் இருந்தன. பிறகு சுண்ணாம்பு தூவி, மேலே புதுத் தூள் பரப்பினோம். வாங்கி வந்த மருந்தையும் கொடுத்தோம்.

"குளிர்ல வெறச்சுப் போயிடாதுங்களா?"

"அதுக்குத்தான் றெக்கை இருக்குது அம்மிணி. ஈரந்தான் ஆகாது."

அன்றிலிருந்து தினமும் காலை ஆறு மணிக்குக் கூண்டில் ஆஜர். தூளைக் கிளறிவிட்டு, ஒரு பிடி எடுத்து அழுத்திப் பார்க்கிறார். இலை பார்த்த அதே கை! "பிடிச்சு உட்டா உதிரோணும், ஒட்டுனா ஈரம்" என்று எனக்குப் பாடம் வேறு.

நாலாம் நாள் இழுப்பு குறைந்தது. நேற்று கருப்பி என் காலில் ஒரு கொத்து கொத்திவிட்டுத் தீனிக்கு ஓடியது. இவ்வளவு சந்தோஷமாக நான் கொத்து வாங்கியதே இல்லை!

பெட்டி சூடாகிவிட்டது. சட்டையை விரித்துப் போட்டு மெதுவாகக் கேட்டேன்.

"ஏனுங்க... ஃபேக்டரியில கூப்பிட்டாங்களா?"

"இல்ல. பக்கத்து ஊட்டு மாதியக்கா கோழியும் இழுக்குதாம். வந்து கூண்டப் பாத்துக் குடுங்கன்னாங்க."

"கோழிக்கூண்டுக்கு எதுக்குங்க காக்கி?"

"வேலைக்குப் போறேன்ல!"

காலரை ரெண்டு தடவை தேய்த்தேன். அவர் கிளம்பிப் போன பிறகு அடுப்படியில் நின்று நன்றாக அழுதேன்.

மலைக்காரர்களே, உங்கள் வீட்டுக் கோழிக்கூண்டில் தலையை விட்டுப் பார்த்து எத்தனை நாள் ஆகிறது? முட்டி வலியால் குனிய முடியாதவர்கள் கமெண்டில் சொல்லுங்கள், இவரை அனுப்பிவைக்கிறேன்.

காக்கிச் சட்டையை மறுபடி தேய்த்துக் கொடுக்க நான் ரெடி!