தீவின் மீதிக் கதை

சித்தப்பா மூன்றாம் பக்கத்தை வாசித்துக்கொண்டிருந்தபோது தமிழ்ச் சங்கத் தலைவர் மேடையேறி ஒலிவாங்கியைக் கையால் பொத்தினார். 2010ஆம் ஆண்டு, சிட்னியின் ஸ்ட்ராத்ஃபீல்டில் ஒரு மண்டபம். பொத்திய கையை எடுக்காமலே அவர் சொன்னது முன்வரிசையில் இருந்த எனக்குத் தெளிவாகவே கேட்டது.

“நோர்வேக்காரன்ர புகழைக் கேக்கவோ அண்ணை நாங்கள் இஞ்ச வந்தனாங்கள்?”

சிலர் கைதட்டினார்கள். சித்தப்பா தாள்களை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு இறங்கினார்.

இலங்கையில் போர் முடிந்து ஒரு வருடம்தான் ஆகியிருந்தது. சமாதானம் பேச வந்த நோர்வே எங்களைக் கைவிட்டுவிட்டது என்ற ஆத்திரம் அந்த மண்டபம் முழுக்க இருந்தது. எனக்கும் இருந்தது. ஆனால் சித்தப்பா எந்த அரசாங்கத்தைப் பற்றியும் பேசவில்லை. சிட்னிக்கு வருமுன் பதினாறு வருடம் அவர் மீன் தொழிற்சாலையில் வேலைசெய்த, நோர்வேயின் வடகோடியில் கிடக்கும் ஒரு சின்னத் தீவைப் பற்றித்தான் பேசினார். ‘நான் வாழ்ந்த ஊர்’ என்று தலைப்புக் கொடுத்து அவரை அழைத்ததும் இதே தலைவர்தான்.

மரம் ஒன்றுகூட இல்லாத பாறை அது. ஒரு கரையிலிருந்து மறுகரைக்கு ஒன்றரை மணி நேரத்தில் நடந்துவிடலாம். குளிர்காலத்தில் இரண்டு மாதம் சூரியன் தலைகாட்டாது. கொட் என்ற குளிர்கடல் மீனைத் தலை வெட்டி, இரண்டிரண்டாக வாலில் கட்டி, மரச்சட்டங்களில் தொங்கவிடுவார்கள். உப்பே இல்லாமல் காற்றில் காய்ந்துவிடும். இதைக் கேட்டு, மன்னாரில் கருவாடு போட்டுப் பழகிய ஓர் அன்ரி நம்பாமல் சிரித்தார். பிறகு சித்தப்பா, “அந்தச் சனம் என்னைத் தங்கட மேசையில இருத்திச் சாப்பாடு தந்தது” என்றார். அந்த இடத்தில்தான் ஒலிவாங்கியில் தலைவரின் கை வந்து விழுந்தது.

நான் எழுந்து ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. நார்த்மீட்டில் உள்ள எங்கள் வீட்டுக்குத் திரும்பும் வழியெல்லாம் காருக்குள் நான்தான் கத்தினேன். சித்தப்பா, “சரி, ரோட்டைப் பார்த்து ஓட்டு” என்று மட்டும் சொன்னார். அதன் பிறகு அவர் எந்தக் கூட்டத்துக்கும் போகவில்லை.

மூன்று வருடம் கழித்துத் தலைவர் எங்கள் வீட்டுக்குத் தொலைபேசி எடுத்தார். நோர்வேயிலிருந்து ஒரு விருந்தினர் வருகிறாராம், அவருடைய மொழியில் வரவேற்க ஆள் வேண்டுமாம்.

“வாறன். அண்டைக்கு விட்ட இடத்தில இருந்து வாசிப்பன்,” என்றார் சித்தப்பா.

“அது சரிவராது அண்ணை.”

“அப்ப நானும் சரிவரமாட்டன்.”

தொலைபேசியை வைத்துவிட்டுக் குசினிக்குப் போய்த் தேநீர் போட்டார். நான் பின்னாலேயே போனேன். மீதியை எனக்காவது வாசியுங்கள் என்று கேட்டேன். அந்தத் தாள்களைத் தேடிப் பிடித்து எடுத்து வந்து, சாப்பாட்டு மேசையில் இருந்து வாசித்தார்.

உலகப்போரின் கடைசிக் குளிர்காலத்தில், பின்வாங்கிய ஜெர்மன் படை அந்தத் தீவில் ஒரு வீட்டையும் விடாமல் எரித்தது. சனத்தைப் படகுகளில் ஏற்றித் தெற்கே அனுப்பியது. போர் முடிந்ததும், இப்போதைக்கு அங்கே போகவேண்டாம் என்று அவர்களுடைய சொந்த அரசாங்கமே தடுத்தது. அவர்கள் கேட்கவில்லை. வந்து, கரையில் தோணிகளைக் கவிழ்த்துப்போட்டு, அவற்றின் கீழே பிள்ளைகளோடு குடியிருந்தார்கள். கருகிய பலகைகளிலிருந்து ஆணி பிடுங்கி நிமிர்த்தி, மறுபடியும் வீடு கட்டினார்கள்.

அவ்வளவுதான் அந்த மீதி. வாசிக்க ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. அன்று அந்த மண்டபத்தில் இருந்தவர்களில் பாதிப் பேராவது ஊரில் போரில் வீடு எரிந்து வந்தவர்கள். இதை அவர்களுக்காகத்தான் அவர் எழுதியிருந்தார். கேட்டது நான் ஒருத்தி மட்டுமே.