தலை மூடி உட்கார்ந்த பந்தி

எட்டாம் வகுப்பில் இலக்கணம் நடத்திக்கொண்டிருந்தேன். வெள்ளகவி மலைக்கிராமத்திலிருந்து குதிரையில் பொதி ஏற்றி வரும் சடையன் வகுப்பு வாசலில் வந்து நின்றார். பள்ளிக்கூடத்துப் பக்கமே வராத மனிதர். தலைத்துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் இடுக்கியபடி, "சார், நம்ம சிங்கய்யா போயிட்டாருங்க. வெள்ளனே பால் கொண்டுபோன பொண்ணு கூப்பிட்டுப் பாத்திருக்கு. எந்திரிக்கலையாம்" என்றார். கையிலிருந்த சுண்ணக்கட்டியை எங்கே வைத்தேன் என்று இன்றுவரை நினைவில்லை.

ஹர்நாம் சிங்கைக் கோடைக்கானலில் எல்லாருக்கும் தெரியும். நெட்டையாக, நீலத் தலைப்பாகையுடன், கடைத்தெருவில் தமிழில் பேரம் பேசும் சீக்கியர் வேறு யார்? அவர் கவிஞர் என்பதும், பஞ்சாபியில் மூன்று நாவல்கள் எழுதியவர் என்பதும் சிலருக்குத்தான் தெரியும். தகப்பனார் மலாயா ரயில்வேயில் காவலாளி. பக்கத்துத் தோட்டத்துத் தமிழ்ப் பிள்ளைகளோடு விளையாடித் தமிழ் கற்றவர் இவர். பிறந்த கிராமம் பிரிவினையில் எல்லைக்கு அந்தப் பக்கம் போய்விட்டது. நெஞ்சுச் சளிக்கு மலைக்காற்று நல்லது என்று யாரோ சொல்ல, இங்கே வந்தவர் இங்கேயே தங்கிவிட்டார்.

நான் அவரைச் சந்தித்ததே ஒரு சண்டையில்தான். பழக்கடையில் கடைசியாக இருந்த ஆரஞ்சுக் கூடைக்கு இருவரும் கை வைத்தோம். "என்னா வாத்தியாரே, எனக்கு இருமல். ஒங்களுக்கு என்னா?" என்றார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கூடையைப் பங்கு போட்டுக்கொண்டோம். அப்புறம் ஞாயிறுதோறும் அவர் வீட்டில்தான் கிடந்தேன். அவர் கவிதையைப் பஞ்சாபியில் படிப்பார், தமிழில் பொருள் சொல்வார், நான் எழுதுவேன். நான் கொஞ்சம் மெருகு போட்டால் போதும், அதட்டுவார்: "அழகா எழுதாதீங்க வாத்தியாரே. நா சொன்னத எழுதுங்க!" எத்தனை தடவை கோபித்துக்கொண்டு வெளியேறியிருக்கிறேன்! மறு ஞாயிறு போய் நிற்பேன். ஒன்றுமே நடக்காததுபோல் தேநீர் ஊற்றுவார்.

நாவலில் ஓர் அத்தியாயம் முடிந்தால் அவர் வீட்டில் பந்தி. தாமே ரொட்டி சுட்டு, பருப்பு வேகவைத்து, வந்தவர்களையெல்லாம் ஒரே வரிசையில் தரையில் உட்கார வைப்பார். ஒரே ஒரு நிபந்தனை, தலையை மூடியிருக்க வேண்டும். நான் கைக்குட்டையைக் கட்டிக்கொள்வேன். "வாத்தியாரு இப்பத்தான் வண்டி ஓட்டிட்டு வந்தாப்ல இருக்கு லா" என்று மலாயா வாடை போகாத தமிழில் சிரிப்பார். முதல் தடவை வந்த சடையன், வழக்கம்போலத் துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் வைத்தார். பெரியவர்கள் முன் தலையில் துண்டு இருக்கக்கூடாது என்றே வளர்ந்தவர். சிங் எழுந்துபோய், "கட்டுங்க சடையன். எங்க வழக்கத்துல தலைய மூடுறதுதான் மரியாத" என்றார். சடையன் கூச்சத்தில் நெளிந்துகொண்டே கட்டினார்.

அப்படியொரு பந்திக்கு வீட்டுச் சொந்தக்காரர் வந்து சேர்ந்தார். தாண்டிக்குடியில் காப்பித் தோட்டம் வைத்திருப்பவர். சடையனைக் கண்டதும் முகம் மாறிவிட்டது. "ஏலே சடையா, என் முன்னால தலையில என்னலே? எடுலே!" சடையனின் கை மேலே போயிற்று. பருப்பு ஊற்றிக்கொண்டிருந்த சிங் நிமிர்ந்தார். "அவரு எடுத்தா நானும் எடுக்கணும்ங்க. தலைப்பாகைய எடுக்கச் சொன்னதுக்காக மலாயாவுல வேலைய விட்டவன் நான். இங்க எடுக்கிறதா இல்ல." சொந்தக்காரர் அன்றைக்கே வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிட்டார்.

சிங் போன இடம் ஒழுகும் தகரக்கொட்டகை. புத்தகங்களைச் சடையன்தான் குதிரையில் ஏற்றிப்போனார். "இந்த நெஞ்சை வச்சிக்கிட்டு இதுல எப்படி இருப்பீர்? உமக்குப் பைத்தியமா?" என்று கத்தினேன். "கூரை ஒழுகுனா சட்டி வெக்கலாம் வாத்தியாரே" என்றார், இருமிக்கொண்டே. அவர் வீடிழந்த பிறகும் கடைத்தெருவில் முதலாளிமாரைக் கண்டால் சடையன் துண்டை அவிழ்ப்பதைப் பார்த்து எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சிங்கிடம் பொருமினேன். "வுடுங்க. எப்ப கட்டணும்னு நீங்களும் நானுமா சொல்றது? அவரு தலை" என்றார். அந்தக் கொட்டகையில்தான் மூன்றாவது நாவலை முடித்தார். அங்கேதான் போய்ச் சேர்ந்தார்.

மலாயாவிலேயே தங்கிவிட்ட அவர் மகன் வந்து சேர வழியில்லை. மதுரையிலிருந்து வந்த இரண்டு சீக்கியர்கள் பிரார்த்தனை சொன்னார்கள். மேட்டுச் சுடுகாட்டில் கூட்டம். அந்த வீட்டுச் சொந்தக்காரரும் வந்திருந்தார். நம் ஊர் வழக்கப்படி எல்லாரும் துண்டை இடுப்பில் கட்டி நின்றோம். தீ வைக்கப்போகிற நேரத்தில், முன்வரிசையில் நின்ற சடையன் இடுப்புத் துண்டை அவிழ்த்தார். உதறினார். நிதானமாகத் தலையில் சுற்றிக் கட்டினார். பின்னாலிருந்த வெள்ளகவிக்காரர்களும் ஒவ்வொருவராகக் கட்டினார்கள். வீட்டுச் சொந்தக்காரர் பார்த்துக்கொண்டுதான் நின்றார். நான் கைக்குட்டையைத் தேடி எடுத்துக் கட்டினேன். அழுகையில் முடிச்சு விழவே இல்லை, சடையன்தான் போட்டுவிட்டார்.

திரும்பும்போது கடைத்தெரு வந்தது. முதலாளிமார் கடை வாசல்களில் உட்கார்ந்திருந்தார்கள். சடையனின் துண்டு தலையிலேயே இருந்தது. நான் பார்ப்பதைக் கண்டு, "இருந்துட்டுப் போகட்டும் சார்" என்றார்.

அவரை அறிந்தவர்களே, புத்தகங்கள் மகனுக்குப் போகும். அழகாக எழுதக் கை நீளும்போதெல்லாம் கேட்கும் அந்த அதட்டல் எனக்கு. அந்தக் கைக்குட்டையும் எனக்கு. சடையன் போட்ட முடிச்சை நான் இன்னும் அவிழ்க்கவில்லை.