ஆள் வீட்டில் இருக்க வேண்டும்

குன்னூர்ப் பக்கம் ஒரு ரேஷன் கடையில் நான் விற்பனையாளராக இருந்தபோது, எழுபது வயதைத் தாண்டித் தனியாக இருப்பவர்களுக்கு அரிசியை வண்டியில் வீட்டுக்கே கொண்டுபோய்க் கொடுக்கத் தொடங்கினோம். அதற்குத் தகுதியான ஒரு பெரியவர், சிலோனிலிருந்து வந்து எஸ்டேட்டில் வேலை பார்த்தவர், குரங்குக் குல்லாவும் பச்சைக் கம்பளிக் கோட்டுமாக அப்போதும் கடை வரிசையில் முதல் ஆளாக வந்து நிற்பார்.

“உங்க அரிசி ஊட்டுக்கே வருதுங்க. நீங்க எதுக்கு நடக்கறீங்க?” என்று கேட்டேன்.

“வூட்டுல பேச ஆளு இல்ல புள்ள. இங்க நாலு பேரு நிக்கிறாங்க.”

ஆனால் வண்டி போகும்போது அவர் வீட்டில் இருந்து கைரேகை வைக்க வேண்டும். போன மாதம் வீடு பூட்டியிருந்ததால் அவருடைய அரிசி திரும்பி வந்துவிட்டது. அதைச் சொன்னதும் சற்று யோசித்தார்.

“வண்டி வர்றப்ப நான் வூட்டுல இருக்கணும், அம்புட்டுதானே? என்னையும் வண்டியில ஏத்திக்கங்க.”

அன்று வண்டி கிளம்பும்போது டிரைவர் சிரித்துக்கொண்டே முன்சீட்டைக் காட்டினார். நான் பின்னால் மூட்டைகளோடு உட்கார்ந்தேன். அவர் குடியிருந்த லயத்தில், எஸ்டேட் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், இறங்கியதும் பூட்டைத் திறந்து உள்ளே போனவர், கதவைச் சாத்திக்கொண்டார். நாங்கள் வெளியே விழித்துக்கொண்டு நின்றோம். பிறகு டிரைவர் கதவைத் தட்டினார்.

“யாரு?”

“ரேஷனுங்க ஐயா.”

கதவு திறந்தது. குல்லாவைக் கழற்றித் தலையைச் சீவியிருந்தார்.

“வாங்க, வாங்க. இம்புட்டுத் தூரம் வந்திருக்கீங்க, தேத்தண்ணி குடிக்காமப் போகக் கூடாது.”

அவர் எங்களைக் கேலி செய்தாரா, விதியை மதித்தாரா என்று இன்றுவரை எனக்குப் புரியவில்லை. தேத்தண்ணியில் இஞ்சி தட்டிப் போட்டிருந்தார்.