நடுப்பெட்டி ஷெரின்

செருப்பை வெளியே கழற்றிப் போட்டுவிட்டுத்தான் ஷெரின் காருக்குள் ஏறுகிறாள். பார்ப்பவர்கள் ஏதோ பக்தி என்று நினைத்துக்கொள்கிறார்கள். பக்தியும் இல்லை, ஒன்றும் இல்லை. வண்டியின் அதிர்வு உள்ளங்காலில் ஏற வேண்டும், அவ்வளவுதான். ஏசியை அணைக்கிறாள், பாட்டை நிறுத்துகிறாள், கண்ணாடிகளை இறக்குகிறாள். ஸ்டியரிங்கை ஒரு பக்கமாக முழுக்க ஒடித்து, முதல் கியரில், ஆக்ஸிலேட்டரைத் தொடாமல் வண்டியைத் தன் போக்கில் நடக்க விடுகிறாள். பக்கத்து இருக்கையில் வண்டிக்குச் சொந்தக்காரர், திருச்சியில் பேர்பெற்ற எலும்பு டாக்டர், பள்ளிப் பிள்ளை போலக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். "மூணு சுத்து அங்கிட்டு, மூணு சுத்து இங்கிட்டு. அதுவரைக்கும் பேசக் கூடாதுங்க சார்" என்று ஏறும்போதே சொல்லியாகிவிட்டது.

இது நடக்கிற இடம் விராலிமலைக்குச் சற்று வெளியே, நான்கு வழிச்சாலை ஓரம் மூடிக் கிடக்கும் ஓட்டல் ஒன்றின் தார் போட்ட முற்றம். மயில்கள் நாலைந்து மேய்ந்துகொண்டிருக்கும். வண்டி சுற்ற ஆரம்பித்ததும் சலித்துக்கொண்டு மதில்மேல் ஏறிவிடும். பக்கத்திலேயே பெரிய மண் திடல் இருக்கிறது. ஷெரினுக்கு அது ஆகாது. மண்ணில் டயர் வழுக்கிக் கொடுத்து வண்டியின் நோயை மறைத்துவிடுமாம். கெட்டித் தரையில்தான் குட்டு வெளிப்படும். நோய் இருந்தால் வளைவில் வண்டி விக்கி விக்கித் தத்தும். அந்த விக்கல் காதுக்குக் கேட்பதற்கு ஆறு மாதம் முன்பே அவள் காலுக்குத் தெரிந்துவிடுகிறது.

ஷெரினுக்கு வயது முப்பத்தாறு. ஊர் ஆவூர். பாலிடெக்னிக்கில் ஆட்டோமொபைல் படித்துவிட்டு, கோயம்புத்தூரில் ஒரு பெரிய பட்டறையில் ஒன்பது வருடம் வேலை பார்த்தவள். மூன்று வருடமாக சர்வீஸ் ரோட்டில் சொந்தத் தகரக் கொட்டகை. போர்டில் பெயர் கிடையாது, போன் நம்பர் மட்டும். வழியில் நின்றுபோகும் வண்டிகளை ஏற்றிவரும் லாரியைப் புருஷன் அலெக்ஸ் ஓட்டுகிறான். அவள் பார்ப்பது ஒரே வகை வைத்தியம்: நாலு சக்கரமும் சேர்ந்து இழுக்கும் பழைய ஸ்போர்ட்ஸ் கார்கள். புதுக்கோட்டைப் பக்கம் அப்படி எத்தனை கார் இருந்துவிடப் போகிறது என்று கேட்காதீர்கள். பெங்களூரிலிருந்தும் கொச்சியிலிருந்தும் மூன்றாம் கை, நான்காம் கையாக வந்துகொண்டே இருக்கின்றன. முதல் ஓனர் ஆசைக்கு வாங்குகிறார், இரண்டாமவர் பந்தாவுக்கு வாங்குகிறார், மூன்றாமவர் ஷெரினைத் தேடி வருவதற்காகவே வாங்குகிறார்.

கழுத்தில் தையல்காரர் டேப் ஒன்று எப்போதும் தொங்கும். வண்டி வந்து நின்றதும் நாலு டயரையும் சுற்றளவு எடுத்து, அந்தந்த டயரிலேயே சாக்பீஸால் எழுதிவிடுவாள். "சட்டை தைக்கப் போறீங்களா?" என்று கேலி செய்யாத ஆள் இல்லை. "ஒத்த டயரை மட்டும் புதுசா மாத்துனீங்களா சார்?" என்று அவள் திருப்பிக் கேட்பாள். பாவம், கேட்கப்பட்டவர் தன்னைப் பாராட்டப் போகிறாள் என்று நினைத்து, "ஆமா, இருக்கிறதுலயே ஒசத்தியா போட்டேன்" என்பார்.

அப்போதுதான் சப்பரக் கதை வரும். ஆவூர் மாதா கோயில் திருவிழாவில் சப்பரம் தூக்குகிறவர்களைச் சின்ன வயதிலிருந்து பார்த்தவள் அவள். "தெரு முக்குல சப்பரம் திரும்பறப்ப பாத்திருக்கீங்களா? வெளிய நிக்கிறவரு எட்டு வச்சு நடக்கணும், உள்ள நிக்கிறவரு சின்ன அடியா வைக்கணும். நாலு பேரும் ஒரே அடி வச்சா மாதா சாஞ்சிரும். நீ மெதுவா, நீ வேகமான்னு கூடவே சொல்லிக்கிட்டு வருவாருல்ல ஒரு பெரியவரு, வண்டிக்குள்ள அந்த வேலையப் பாக்குறதுதான் நடுப்பெட்டி. நீங்க ஒரு டயரை மட்டும் புதுசாப் போட்டா, மூணு குட்டை ஆளோட ஒரு நெட்டை ஆளை நிறுத்துன மாதிரி. நேர் ரோட்டுலயும் அந்தப் பெட்டி கத்திக்கிட்டே வரும். கத்திக் கத்தித் தொண்டை கட்டிரும்." இப்படித்தான் அவளுக்கு நெடுஞ்சாலை முழுக்க நடுப்பெட்டி ஷெரின் என்று பெயர் வந்தது.

பெட்டியின் எண்ணெயை அவள் பார்ப்பது கண்ணால் அல்ல. ஒரு சொட்டு எடுத்துக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே தேய்த்து, மூக்கருகே கொண்டுபோவாள். மூன்று வருடத்துக்கு ஒருமுறையாவது மாற்றச் சொல்வாள். "ஆயுசுக்கும் மாத்த வேணாம்னு புத்தகத்துலயே போட்டிருக்கே" என்று ஒருவர் வாதாடினார். "யாரு ஆயுசுக்குன்னு போட்டிருக்கு?" என்றாள் ஷெரின். மனிதர் புத்தகத்தை மூடி வைத்துவிட்டார்.

விற்கிறவர்களின் தகிடுதத்தமும் அவளுக்கு அத்துப்படி. பெட்டி கெட்டுப்போனால் எச்சரிக்கை விளக்கின் ஃபியூஸைப் பிடுங்கிவிடுவார்கள். இன்னும் துணிந்தவர்கள் பின்சக்கரங்களுக்குப் போகிற நீள ஷாஃப்டையே கழற்றிவிட்டு, இரண்டு சக்கரம் இழுக்கும் வண்டியை நாலு சக்கர விலைக்கு விற்றுவிடுவார்கள். அதனால் வாங்குவதற்கு முன்பே அவளிடம் காட்டிவிடுவது இப்போது வழக்கமாகிவிட்டது. ஆறு சுற்று முடிந்து, இறங்கிச் செருப்பை மாட்டிக்கொண்டு, "தைரியமா வாங்குங்க" என்று ஷெரின் சொல்லிவிட்டால் அதற்கு மறுபேச்சு இல்லை.

திருமயத்துப் பக்கத்துத் தங்கமுத்துவுக்கும் அப்படித்தான் சொன்னாள். சிங்கப்பூர்த் துறைமுகத்தில் பதினோரு வருடம் கிரேன் ஓட்டிவிட்டு வந்தவர். கூடத் திரும்பியவர்கள் டிராக்டரும் ஜேசிபியும் வாங்கியபோது, இவர் பதினாலு வருடத்து நீலக் கார் ஒன்றை வாங்கினார். சொந்தக்காரர்கள் கிறுக்கு என்றார்கள். வீட்டுக்காரி ஒரு வாரம் பேசவில்லை. ஆறு வயது மகள் இனியா மட்டும்தான் அவர் பக்கம்.

போன ஐப்பசியில், சரியான அடைமழையில், அந்த நீலக் கார் திருமயத்தைத் தாண்டி நின்றுபோனது. பெட்ரோல் பம்ப் போயிருந்தது. பெரிய கோளாறு இல்லை. மகளோடு ரோட்டோரம் நின்று தங்கமுத்து போன் செய்தார், ஷெரின் அலெக்ஸை அனுப்பினாள். அவள் தொழிலில் ஒரே ஒரு கட்டளை உண்டு. இந்த வகை வண்டியை இழுத்து வரும்போது நாலு சக்கரமும் லாரித் தட்டின்மேல் இருக்க வேண்டும். இரண்டைத் தூக்கி இரண்டைத் தரையில் உருளவிட்டால், உருளுகிற இரண்டுக்கும் உருளாத இரண்டுக்கும் நடுவே கிடந்து பெட்டி வெந்துவிடும். கொட்டகைக் கதவில் சிவப்புப் பெயின்டால் எழுதியே வைத்திருக்கிறாள்.

மறுநாள் காலை கார் வாசலில் நின்றது. டேப் வைத்து அளக்கும்போது முன்சக்கரங்களில் செம்மண் காய்ந்து அப்பியிருந்ததையும், பின்சக்கரங்கள் கழுவிவிட்டது போலிருந்ததையும் பார்த்தாள். மழைதானே என்று விட்டுவிட்டாள். பம்பை மாற்றினாள். வழக்கப்படி தார் முற்றத்துக்கு ஓட்டிப் போனாள். பக்கத்தில் தங்கமுத்து, பின்னால் இனியா. இரண்டாவது சுற்றில் வண்டி தத்தியது.

"அப்பா, வண்டி குதிக்குதுப்பா!" என்று இனியா கைதட்டிச் சிரித்தாள்.

ஷெரின் வண்டியை நிறுத்தினாள். எட்டு மாதத்துக்கு முன்னால் இதே வண்டியில் இதே காலை வைத்துத்தான் நல்ல வண்டி என்று சொன்னாள். கால் பொய் சொல்லிவிட்டதா? தங்கமுத்து அவளை ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. அதுதான் அவளை அதிகம் சுட்டது. "நம்ம நேரம், தங்கச்சி. வீட்ல அப்பவே வேணாம்னாங்க. வந்த விலைக்குத் தள்ளி விட்டுருவோம்" என்று சொல்லி, மகளைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறப் போய்விட்டார்.

ஷெரின் பெட்டியின் எண்ணெயை இறக்கினாள். தேய்த்தாள், முகர்ந்தாள். பழைய கருகல் என்றால் கறுப்பாக, கசடாக வரும். இதில் கசடு இல்லை. அடிப்பிடித்த பால் போலப் புதிய தீய்ச்சல் மட்டும் இருந்தது. எழுந்து போய் முன்சக்கரங்களைக் குனிந்து பார்த்தாள். உள்பக்க விளிம்பில் மிச்சமிருந்த செம்மண்ணில், தூக்குப் பட்டையின் தடம் வரிவரியாக அப்படியே பதிந்திருந்தது.

முதலில் அவளுக்கு வந்தது நிம்மதிதான். என் கால் பொய் சொல்லவில்லை என்ற நிம்மதி. அடுத்த நொடியே அதற்காக வெட்கப்பட்டாள்.

அலெக்ஸ் கொட்டகையின் பின்பக்கம் உட்கார்ந்து மதியச் சோறு சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

"ஏங்க, நீல வண்டிய எப்படித் தூக்குனீங்க?"

அவன் கை தட்டிலேயே நின்றுவிட்டது. "நம்ம லாரில தட்டு எறங்கல ஷெரினு, ஹைட்ராலிக் போயிருச்சு. திருமயத்து மெக்கானிக் பெரியண்ணன்ட்ட முன்சக்கரத்தை மட்டும் தூக்குற கொக்கி வண்டிதான் இருந்துச்சு. அந்தப் புள்ள மழையில நடுங்கிக்கிட்டு நின்னுச்சு. அப்பனையும் மகளையும் கேபின்ல ஏத்திட்டுத்தான் மாட்டுனேன், அவரு பாக்கல. மெதுவாத்தான் ஓட்டியாந்தேன்."

"எம்புட்டு மெதுவா?"

"நாப்பதுல."

"அறுபது கிலோமீட்டர் தூரம்" என்றாள் ஷெரின். "காலைலயே ஏன் சொல்லல?"

"நீ வைவேன்னு." சோற்றைப் பிசைந்தபடி, "பதினாலு வருசத்து வண்டி. வயசாயிருச்சுன்னு சொன்னா..." என்று ஆரம்பித்தவன், அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான்.

ஷெரின் வையவில்லை. பத்து வருடக் குடித்தனத்தில் அவன் அவள் வசவுக்குப் பழகியவன், வையாததற்குத்தான் பயந்தான். அவளுக்கு அவனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. ஒரு குழந்தை நனைகிறதே என்று செய்த காரியம். ஆனால் அந்தப் பாவத்துக்காகத் தங்கமுத்துவின் காரைப் பலி கொடுக்க முடியுமா? தங்கமுத்துவுக்குப் போன் போட்டு, "யார்ட்டயும் விலை பேசாதீங்கண்ணே, நாளைக்கு ஒரு எட்டு வந்துட்டுப் போங்க" என்று மட்டும் சொன்னாள்.

தங்கமுத்து வந்தார். "அண்ணே, வண்டி மேல தப்பில்ல" என்று ஷெரின் தொடங்கினாள். அதற்கு மேல் வரவில்லை. டாக்டரையும் மில் முதலாளியையும் நிற்கவைத்துக் கேள்வி கேட்கிற வாய், சொந்த வீட்டுக் கதைக்கு வந்ததும் அடைத்துக்கொண்டது. வெளியே லாரித் தட்டைக் கழுவிக்கொண்டிருந்த அலெக்ஸ், ஈரக் கையைக் கைலியில் துடைத்தபடி உள்ளே வந்தான்.

"நான்தாண்ணே" என்றான். கொக்கி வண்டி, மழை, நாற்பது கிலோமீட்டர் வேகம், மறுநாள் வாயை மூடிக்கொண்டிருந்தது, எல்லாவற்றையும் ஒன்று விடாமல் சொன்னான்.

தங்கமுத்துவின் முகம் சிவந்துவிட்டது. "கதவுல செவப்பா எழுதிப் போட்டிருக்கீங்களே, யாருக்கு? ஊருக்கெல்லாம் உபதேசம், வீட்டுக்குள்ள கெடையாதா?" என்று சத்தம் போட்டார். அவர் விறுவிறுவென்று வெளியே போய், ரோட்டைப் பார்த்து நின்றுகொண்டார். ஒரு டீ குடிக்கிற நேரம் லாரிகளையே பார்த்தார். திரும்பி வந்தபோது குரல் இறங்கியிருந்தது.

"கிரேன்ல நானும் ஒருக்கா அவசரத்துல தப்பான பட்டையப் போட்டுத் தூக்குனேன். அத்துக்கிட்டு விழுந்துச்சு. கீழ ஆளு இல்ல, தப்பிச்சேன். நான் யார்ட்டயும் சொல்லல" என்றார் அலெக்ஸைப் பார்த்து. பிறகு ஷெரினிடம், "எப்ப முடியும் தங்கச்சி?" என்றார்.

சரியான பெட்டி கிடைக்கப் பத்தொன்பது நாள் ஆனது. சென்னையில் பழைய வண்டி பிரிக்கிறவர் ஒருவரிடம் இருந்தது. பார்வைக்கு ஒன்றுபோல் இருந்தாலும் பல் கணக்கு மாறினால் முன்னும் பின்னும் சண்டை பிடிக்கும் என்பதால், அவரை வீடியோ காலில் நிற்கவைத்து, "மெதுவாச் சுத்துங்கண்ணே... நிறுத்துங்க... இன்னொருக்கா" என்று பாதி மதியம் பெட்டியின் பல்லைச் சுற்றவைத்து எண்ணினாள். பெட்டி சாக்கில் கட்டி வந்து இறங்கியது.

மாட்டுகிற அன்று ஷெரின் பழைய ஃபிரிட்ஜ் அட்டைப்பெட்டியைப் பிரித்து விரித்து, அதன்மேல் படுத்து வண்டிக்கு அடியில் நகர்ந்தாள். பெட்டி ஜாக்கிமேல் ஏறி நின்றது. ஷாஃப்டின் பல்லும் பெட்டியின் பல்லும் பொருந்த, ஒருவர் தாங்க வேண்டும், ஒருவர் திருப்ப வேண்டும். இந்த மூன்று வருடத்தில் அலெக்ஸை அவள் எந்த வண்டிக்கு அடியிலும் விட்டதில்லை. லாரிக்காரக் கை முரட்டுக் கை என்பாள். கீழிருந்து பார்க்கையில் அவனுடைய பாதங்கள் மட்டும் தெரிந்தன. வெகுநேரமாக அங்கேயே நின்றன.

"என்ன, அங்கிட்டே நிக்கிறீங்க?"

"வேணாம் ஷெரினு. நான் தொட்டு மறுபடி ஏதாச்சும் ஆயிட்டா..."

ஷெரின் கையிலிருந்த ஸ்பானரை வயிற்றின்மேல் வைத்தாள். முழங்கையை ஊன்றி ஒரு பக்கமாக ஒதுங்கிப் படுத்து, அட்டையில் காலியான பாதியை உள்ளங்கையால் இரண்டு தட்டுத் தட்டினாள்.