மச்சினன் காட்டிய வைகை

எழுபதுகளின் கடைசியில் வைகையில் தண்ணீர் வந்தால் ஊரே பாலத்தில் நின்று வேடிக்கை பார்க்கும். என் மனைவியின் தம்பிக்கு அது போதவில்லை. கப்பலூரில் டயர் கடையில் வேலை பார்த்தவன், காற்றடித்த லாரி டியூப் இரண்டும் மூங்கில் கழி இரண்டும் கொண்டுவந்து, துவரிமானிலிருந்து கொச்சடை வரை ஆற்றோடு மிதந்து போகலாம் என்றான். எனக்கு நீச்சல் தெரியாது என்றேன்.

"நான் இருக்கேன்ல மச்சான். இந்த ஆத்துல எனக்குத் தெரியாத எடமே இல்ல."

கல்யாணமாகி ஆறு மாதம்தான். மச்சினன் முன்னால் பயந்தாங்கொள்ளி என்று பெயரெடுக்க மனமில்லாமல் டியூபில் ஏறி உட்கார்ந்தேன்.

அவன் சொன்னது பொய்யில்லை. முன்னால் மிதந்தபடியே ஆற்றைக் காட்டிக்கொண்டு போனான்.

"இது நம்ம கிரிக்கெட் பிட்ச், மேடு, கால் தட்டும். அந்தா, அது நான் சைக்கிள் பழகுன எடம், முழங்கால் அளவுதான். இந்தப் பக்கம் மணல் அள்ளுன பள்ளம், ஒதுங்கி வாங்க."

கழியை ஊன்றிப் பார்த்தால் அவன் சொன்ன ஆழமேதான் இருந்தது. ஆனால் அந்தப் பள்ளத்தை நெருங்கியதும் டியூபை இரண்டு கையாலும் கட்டிப் பிடித்துக்கொண்டான். எனக்குச் சந்தேகம் தட்டியது.

"மாப்ள, நீ நீச்சல் எங்க பழகுன?"

அவன் திரும்பாமலே சொன்னான்.

"என்ன மச்சான் பேசுறீங்க. நீச்சல் பழகுற அளவுக்கு இந்த ஆத்துல என்னைக்குத் தண்ணி வந்துச்சு?"