இரண்டு காவலரண்களுக்கு நடுவே ஒரு கிணறு

மகளைப் பெண் கேட்டு வந்தவர்கள், நாங்கள் புலம்பெயர்ந்து வந்த லாசாலில் எங்கள் வீட்டுச் சோபாவில் இருந்ததும் கேட்ட முதல் கேள்வி, "எந்த இடம்?" என்பதுதான். அதைக் கேட்பார்கள் என்று முதல் நாளே எனக்குத் தெரியும்.

"ஆமிக்கும் இயக்கத்துக்கும் நடுவிலை இருந்த சூனியப் பிரதேசம்" என்றேன்.

மாப்பிள்ளையின் தாய் சிரித்தார். "அதுக்குள்ளை சனம் இருந்ததோ? பேயெல்லோ இருந்திருக்கும்!"

இருந்தோம். ஒன்பது வீடு, ஒரு கிணறு. வடக்கே இயக்கப் போராளிகளின் காவலரண், தெற்கே அரசாங்க ஆமியின் காவலரண். சுற்றிவர வேறு நல்ல தண்ணீர் இல்லாததால் இரண்டு பகுதியும் எங்களை விட்டுவைத்தன. காலையில் ஆமி அள்ளும், பின்னேரம் இயக்கப் பெடியள் அள்ளுவார்கள். பள்ளிக்கூடம் காவலரணைத் தாண்டி அங்கால்; போக விடமாட்டார்கள். எட்டாம் வகுப்போடு என் படிப்பு நின்றது அப்படித்தான். ஒரு மத்தியானம் கிணற்றடியில் அப்பாவைச் சுட்டுவிட்டார்கள். இயக்கம்தான் என்றது ஆமி, ஆமிதான் என்றது இயக்கம். தூக்க ஒருவரும் வரவில்லை. பின்னேரம் பெடியள் வழக்கம்போல வாளியோடு வந்து, அப்பாவைச் சுற்றிப் போய்த் தண்ணீர் அள்ளினார்கள்.

மாப்பிள்ளை வீட்டார் டொரண்டோ, பாரிஸ் என்று எங்களைப் பற்றி விசாரித்தார்கள். எங்கள் ஊர் ஆள் ஒருவராவது அகப்பட்டு நல்லதாகச் சொல்லவேண்டுமே என்று எனக்கு ஒரே பதற்றம். புவாண்ட்-கிளேர் கிடங்கில் பெட்டி அடுக்கும் வேலைக்கு நடுவிலும் ஃபோனையே பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசியில் மாப்பிள்ளையின் தாய்தான் ஃபோன் பண்ணினார்.

"அக்கா, பிள்ளையிலை ஒரு குறையும் இல்லை. ஆனா டொரண்டோவிலை ஒராள் சொல்லுது, நீங்கள் ஆமிக்குத் தண்ணி குடுத்தனீங்களாம். பாரிசிலை இன்னொராள் இயக்கத்துக்கெண்டுது. எதை நம்புறது?"

"ரெண்டு பேருக்கும்தான் குடுத்தனாங்கள்."

"அதைத்தான் சொல்லுறன். ஒரு பக்கமா நிண்டிருந்தா, உங்களுக்காகக் கதைக்க ஆராவது இருந்திருப்பினம்."

"என்ரை அப்பா அந்தக் கிணத்தடியிலைதான் செத்தவர், தங்கச்சி."

"ஆர் சுட்டது?"

எனக்குத் தெரியாது என்றேன். அவர் ஃபோனை வைத்துவிட்டார்.

மகளுக்கு அந்தப் பெடியனைப் பிடித்திருந்தது. சம்பந்தம் சரிவரவில்லை என்று சொன்னதும் அவள் அழவில்லை. ஃபோனில் வரைபடத்தைத் திறந்து, நான் சொன்ன இடத்தை இரண்டு விரலால் பெரிதாக்கிக்கொண்டே போனாள். வீடு இல்லை, கிணறும் தெரியவில்லை. பச்சையாய்க் காடு.

"இதுக்காகவோ அம்மா?" என்றாள். "அடுத்ததா வாறவை எந்த இடமெண்டு கேட்டா வவுனியா டவுன் எண்டு சொல்லுங்கோ."

"ஓம்" என்றேன்.